சின்னப் படத்துக்குப் பின்னணி இசை: ஃபிரேம் கணக்கு முதல் ஸ்டெம் வரை

எடிட்டர் "லாக் ஆயிருச்சு" என்றதும், அதாவது வெட்டு இனி மாறாது என்றதும், கேட்க வேண்டிய முதல் கேள்வி: விநாடிக்கு எத்தனை ஃபிரேம், 24-ஆ, 23.976-ஆ, 25-ஆ? என்ன ராகம், எந்த வாத்தியம் என்பதெல்லாம் இதற்குப் பிறகு. குறைந்த செலவில் எடுக்கும் படங்களில் மெட்டு சரியில்லாமல் இசை கெடுவது கொஞ்சம்தான். ஃபிரேம் ரேட் மாறிப்போனது, வசனத்தை இசை தின்றது, ஸ்டெம் (வாத்திய வகைவாரியாகப் பிரித்த இசைக் கோப்பு) தப்பாகப் போனது என்று மெட்டுக்கு வெளியே கெடுவதுதான் அதிகம். அதனால் இங்கே மெட்டைப் பற்றிய பேச்சு குறைவு.

தியேட்டருக்குப் போகும் டி.சி.பி. (அங்கே ஓடும் டிஜிட்டல் படக் கோப்பு) பெரும்பாலும் 24 ஃபிரேம். மிரர்லெஸ் கேமராவில் எடுத்த படம் 23.976-இல் இருக்கலாம், ட்யூப்லைட் மினுக்கலுக்குப் பயந்து 25-இல் எடுத்திருக்கவும் கூடும். 23.976-க்கும் 24-க்கும் ஆயிரத்தில் ஒரு பங்குதான் வித்தியாசம், ஆனால் 100 நிமிடப் படத்தின் முடிவில் இசை 6 விநாடி தள்ளி நிற்கும். 25-இல் லாக் ஆன படத்தை 24-க்கு மாற்றினால் 100 நிமிடம் 104 நிமிடம் 10 விநாடி ஆகிவிடும். சுருதியைத் திருத்தாமல் விட்டால் அரைக்கட்டையில் முக்கால் பங்குக்குச் சற்றுக் குறைவாக இறங்கியும் விடும். பாட்டும் இசையும் ஒரே சுருதியில் ஓடும் காட்சியில் இது பல்லைக் கூச வைக்கும். எடிட்டர், சவுண்ட் டிசைனர், மிக்ஸ் இன்ஜினியர் மூவரிடமும் ஒரே எண்ணை எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள். வாட்ஸ்அப் குழுவில் ஒரு வரி போதும்.

படத்தை எப்படி வாங்குவது

எடிட்டரிடம் "ஒரு எக்ஸ்போர்ட் கொடுங்க" என்று மட்டும் சொன்னால் 4கே கோப்பு ஒன்று வந்து சேரும், கணினி திணறும். கேட்க வேண்டியது இப்படி:

- அளவு 1280-க்கு 720. புரோரெஸ் பிராக்ஸி அல்லது டி.என்.எக்ஸ்.எச்.ஆர். எல்.பி. ஹெச்.264-தான் தர முடியும் என்றால் ஒவ்வொரு ஃபிரேமும் கீஃபிரேமாக, அதாவது தனியே முழுதாகப் பதிந்த ஃபிரேமாக, இருக்க வேண்டும். இல்லாவிட்டால் முன்னும் பின்னும் தேய்த்துப் பார்க்கும்போது படம் தடுமாறி, நீங்கள் பார்க்கும் ஃபிரேம் எது என்றே தெரியாது.
- திரையில் டைம்கோடு (மணி:நிமிடம்:விநாடி:ஃபிரேம்) எரித்திருக்க வேண்டும். படத்தின் முதல் ஃபிரேம் 01:00:08:00-இல், அதற்கு 2 விநாடி முன்னால், 01:00:06:00-இல், ஒரு ஃபிரேம் நீளத்துக்கு 1 கிலோஹெர்ட்ஸ் பீப். ரீல் ரீலாகப் பிரித்தால் இரண்டாவது ரீல் 02:00:08:00-இல் தொடங்கும்.
- இடது சேனலில் வசனமும் லொகேஷன் ஒலியும் மட்டும், வலது சேனலில் இயக்குநர் தற்காலிகமாக ஒட்டிவைத்த டெம்ப் இசை மட்டும். இரண்டையும் கலந்து கொடுத்தால் டெம்பை நிறுத்தவே முடியாது. ஒரு மாதம் அதையே கேட்டுவிட்டு வேறு எதையும் எழுதவும் முடியாது.

வேலை செய்யும் மென்பொருள் எதுவானாலும் புராஜெக்ட் 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட். பாட்டு வேலை செய்து பழகியவர்கள் மறந்துபோய் 44.1-இல் தொடங்குவது வழக்கமான விபத்து. பணம் இறுக்கம் என்றால் ரீப்பர் போதும். 60 நாள் சோதித்துப் பார்க்கலாம், தனி ஆளுக்கான உரிமம் 60 டாலர், வீடியோவும் அதிலேயே ஓடும்.

அடுத்து மானிட்டர் ஒலி அளவு. வசன டிராக்கை ஒரு மனிதர் எதிரில் உட்கார்ந்து பேசும் அளவுக்கு வைத்து, அந்த ஃபேடரையும் ஸ்பீக்கர் திருகியையும் படம் முடியும்வரை தொடாதீர்கள். சின்ன அறையில் மைனஸ் 20 டெசிபல் பிங்க் நாய்ஸுக்கு (அளவு பார்க்கும் சோதனை இரைச்சல்) ஒரு ஸ்பீக்கர் 76 முதல் 79 டெசிபல் காட்டினால் சரி. கைபேசியில் உள்ள அளவி போதும். நள்ளிரவில் மெதுவாக வைத்து எழுதுகிறவர் பாஸையும் பேடையும் (பின்னால் நீண்டு ஒலிக்கும் சிந்த் ஒலி) அடுக்கிக்கொண்டே போவார். காலையில் சரியான அளவில் கேட்டால் சேறு மாதிரி இருக்கும்.

எங்கே இசை, எங்கே வேண்டாம்

எங்கே இசை வரும் என்று குறிக்கும் ஸ்பாட்டிங்குக்கு முழுதாக ஒரு நாள் ஒதுக்குங்கள். முதல் தடவை இசையில்லாமல், நிறுத்தாமல், குறிப்பெடுக்காமல் இயக்குநரோடு பாருங்கள். இரண்டாவது தடவை நிறுத்தி நிறுத்தி எழுதுங்கள். ஒவ்வொரு கியூவுக்கும், அதாவது தொடங்கி முடியும் ஒவ்வொரு இசைத் துண்டுக்கும், ஒரு எண்: முதல் ரீலின் முதல் இசை 1எம்1, அடுத்தது 1எம்2. பக்கத்தில் தொடங்கும் டைம்கோடு, முடியும் டைம்கோடு, எதன்மேல் தொடங்குகிறது, எதன்மேல் முடிகிறது, எதற்காக. இந்த "எதற்காக" கட்டத்தில் "சோகம்" என்று எழுதியிருந்தால் அந்த கியூ தேவையா என்று இன்னொரு தடவை யோசிக்கலாம். நடிகர் முகத்தில் சோகம் ஏற்கெனவே இருக்கும். "அவள் பொய் சொல்கிறாள் என்று அவனுக்குத் தெரிந்துவிட்டது" என்று எழுத முடிந்தால் அங்கே இசைக்கு வேலை இருக்கிறது.

100 நிமிடப் படத்துக்கு 30 முதல் 40 நிமிட இசை நல்ல கணக்கு. சுவரெழுப்பியது போல முழுப் படத்துக்கும் ஆர்.ஆர். (பின்னணி இசை) போடும் வழக்கம் வணிகப் படத்துக்கு உண்டு. அங்கே அதற்குத் தக்க ஆளும் பணமும் உண்டு. தனியாக உட்கார்ந்து எழுதுகிறவருக்கு ஒரு நாளில் தேறுவது ஒன்றரை நிமிடம், நல்ல நாளில் 2 நிமிடம். 35 நிமிட இசைக்கு 20 நாள், ஒலிப்பதிவுக்கு 3 நாள், திருத்தத்துக்கு ஒரு வாரம். "பத்து நாள்ல முடிச்சிடலாம்ல?" என்று கேட்டால் இந்தக் கணக்கைக் காட்டி, நிமிடத்தைக் குறைக்கச் சொல்லுங்கள். நாளைக் குறைத்துவிட்டு நிமிடத்தை அப்படியே வைத்தால் லூப்தான் மிஞ்சும்.

காட்சியின் முதல் ஷாட்டில் இசை தொடங்குவது மிகப் பழகிய இடம், பெரும்பாலும் மிக மோசமான இடமும் அதுதான். ஒரு வசனம் முடிந்து எதிராளி பதில் சொல்லாமல் விடும் இடைவெளி, ஒரு பார்வை திரும்பும் கணம், இவையெல்லாம் நல்ல வாசல்கள். இசை நுழைவதே தெரியக் கூடாது என்றால் பஸ் கிளம்பும் சத்தத்துக்கோ கதவு சாத்தும் சத்தத்துக்கோ அடியில் நுழையுங்கள். நிறுத்துவது இதைவிடக் கடினம். கட் வரும் இடத்தில் ஃபேட் அவுட் போட்டு இறக்குவது காதுக்கு உடனே பிடிபடும் சோம்பல். கடைசி சுவரத்தை வாசித்துவிட்டு, அது தானாக அடங்கி அடுத்த காட்சியின் தெருச் சத்தத்தில் கரையும்படி நீளம் வையுங்கள்.

ஃபிரேமும் பீட்டும்

24 ஃபிரேமில் ஒரு நிமிடத்துக்கு 1440 ஃபிரேம். 1440-ஐ டெம்போவால் வகுத்தால் ஒரு பீட்டுக்கு எத்தனை ஃபிரேம் என்று வரும். 60 பி.பி.எம். (நிமிடத்துக்கு 60 பீட்) என்றால் 24 ஃபிரேம், 72-க்கு 20, 80-க்கு 18, 90-க்கு 16, 96-க்கு 15, 120-க்கு 12. இந்த ஆறையும் மனப்பாடம் செய்துவிட்டால் எடிட்டரோடு போனில் பேசும்போதே பாதி வேலை முடிந்துவிடும்.

ஒரு காட்சியை எடுத்துக்கொள்வோம். அம்மா திண்ணையில் அரிசி புடைக்கிறாள். வாசலில் மகன் வந்து நிற்கிறான். கியூ தொடங்கி 12 விநாடி 12 ஃபிரேமில் முறம் அப்படியே நின்றுவிடுகிறது. 31 விநாடி 16 ஃபிரேமில் அவன் உள்ளே போய்க் கதவு சாத்துகிறது. இந்த இரண்டு இடத்திலும் பாரின் (நான்கு பீட் கொண்ட சுற்று) முதல் பீட் விழ வேண்டும்.

12 விநாடி 12 ஃபிரேம் என்பது 300 ஃபிரேம். 72 பி.பி.எம். வைத்தால் 300-ஐ 20-ஆல் வகுக்க 15 பீட். முறம் நிற்கும் இடம் நாலாவது பாரின் கடைசி பீட்டில் விழுகிறது. ஒரு பீட் முன்னால். 16 பீட்டில் அந்த 300 ஃபிரேமை அடக்கினால் ஒரு பீட்டுக்கு 18.75 ஃபிரேம், அதாவது 76.8 பி.பி.எம். ஐந்தாவது பாரின் முதல் பீட் முறத்தின்மேல் உட்கார்ந்துவிட்டது.

இனி கதவு. 31 விநாடி 16 ஃபிரேம் என்பது 760 ஃபிரேம். முறத்திலிருந்து கதவுக்கு 460 ஃபிரேம். அதே டெம்போவில் 24 பீட், அதாவது 6 பார், 450 ஃபிரேமில் முடிந்துவிடுகிறது; 10 ஃபிரேம் முன்னால் வந்துவிடும். 460-ஐ 24-ஆல் வகுத்தால் 19.17 ஃபிரேம், டெம்போ 75.1. முறம் நின்ற பிறகு 76.8-இலிருந்து 75.1-க்கு இறங்கினால் யார் காதுக்கும் தெரியாது. அம்மாவின் கை நின்ற பிறகு இசையும் கொஞ்சம் தயங்குவது பொருத்தமாகவே இருக்கும்.

இப்போது எடிட்டர் போன் செய்கிறார்: இரண்டுக்கும் நடுவில் 30 ஃபிரேம் எடுத்துவிட்டேன். லாக் என்பது சின்னப் படங்களில் ஒரு மனநிலை. மூன்று தடவையாவது உடையும். 460 போய் 430 ஆகிவிட்டது. 24 பீட்டையும் அதில் திணித்தால் டெம்போ 80.4, திடீரென்று யாரோ விரட்டுவது போல இருக்கும். ஒரே ஒரு பீட்டை எடுத்துவிடுங்கள். 430-ஐ 23-ஆல் வகுத்தால் 18.7 ஃபிரேம், டெம்போ 77. முன்பகுதியின் 76.8-க்கு அருகிலேயே நிற்கிறது. ஆறு பாரில் ஒன்றை மட்டும் மூன்று பீட்டாக்க வேண்டும். அந்த மூன்று பீட் பாரை ஃபிரேஸ் முடிந்து மூச்சு விடும் இடத்தில் வையுங்கள், நடுவில் வைத்தால் நொண்டும். கண்டமும் மிஸ்ரமும் (ஐந்தும் ஏழும்) பழகிய காதுக்கு இது பெரிய விஷயமில்லை. பார் எல்லாம் நான்காகவே இருக்க வேண்டும் என்ற பிடிவாதம் மென்பொருளின் கட்டத்திலிருந்து வருவது.

டெம்போ மாற்றத்தை மிடி (கணினி வாசிக்கும் சுவரக் குறிப்பு) பொறுத்துக்கொள்ளும். ஏற்கெனவே வாசித்துப் பதிவு செய்த புல்லாங்குழல் பொறுக்காது. அதனால் ஆள் வைத்துப் பதிவு செய்வது எப்போதும் கடைசி லாக்குக்குப் பிறகுதான்.

ஒரு ஃபிரேம் என்பது 41.7 மில்லிவிநாடி. 20 மீட்டர் ஆழமுள்ள தியேட்டரில் கடைசி வரிசைக்கு ஒலி போய்ச்சேர 58 மில்லிவிநாடி, ஒன்றரை ஃபிரேம் அளவு ஆகிறது. ஆகவே அடி விழும் இடத்தில் இசையைத் தாமதப்படுத்தாதீர்கள். ஷாட் மாறும் கட்டின்மேல் துல்லியமாகவோ ஒரு ஃபிரேம் முன்னாலோ வையுங்கள். உணர்ச்சிக்கான நுழைவு வேறு. முகத்தைப் பார்த்து நமக்குப் புரிய எடுக்கும் நேரத்தை விட்டு, கட்டுக்கு 6 முதல் 12 ஃபிரேம் பின்னால் நுழைந்தால் இசை நம்மைப் பிடித்துத் தள்ளாது.

வசனத்துக்கு அடியில்

ஆண் குரலின் அடிப்படை அதிர்வெண் ஏறக்குறைய 85 முதல் 180 ஹெர்ட்ஸ், பெண் குரல் 165 முதல் 255 வரை. வார்த்தை புரிவது இதற்கு வெகு மேலே, 2 முதல் 4 கிலோஹெர்ட்ஸில். புல்லாங்குழலின் காற்றும் வயலின் வில்லின் உரசலும் அங்கேதான் குடியிருக்கின்றன. "மிக்ஸில் இறக்கிக்கலாம்" என்று விட்டால் இன்ஜினியர் மொத்த இசையையும் இறக்குவார், காட்சி செத்துவிடும். எழுதும்போதே வசனம் ஓடும் பாரில் நீண்ட சுவரம் மட்டும் வையுங்கள். அசைவையெல்லாம் வசன இடைவெளிக்குத் தள்ளுங்கள். இரண்டு பேர் சண்டை போடும்போது இசையும் சேர்ந்து கத்தக் கூடாது.

படப்பிடிப்பிலேயே வசனம் பதிந்த லைவ் சவுண்ட் படத்தில் கூடுதலாக ஒரு சிக்கல் உண்டு, இது சுருதி சம்பந்தப்பட்டது. நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். டியூப்லைட், ஃபிரிட்ஜ், சரியாக எர்த் ஆகாத மைக் வயர் எல்லாம் 50-லும் 100-லும் ஒரு உறுமலை விட்டுச்செல்லும். ஐந்து கட்டை (கீபோர்டின் ஜி) சுருதியின் கீழ் ஸா 49 ஹெர்ட்ஸ், அதன் மேல் ஸ்தாயி 98. பாடகிக்கு வசதி என்று ஐந்து கட்டையில் தம்பூராவும் பாஸும் வைத்தால் அது அந்த உறுமலோடு மோதி, விநாடிக்கு ஒன்று இரண்டு தடவை அலையலையாக ஏறி இறங்கும். ஐந்தரையில் வைத்தாலும் 51.9, தப்பவில்லை. இசையில் தவறே இல்லாமல், ஸ்டுடியோவில் தனியாகக் கேட்டால் சுத்தமாக இருந்து, படத்தோடு மட்டும் தள்ளாடும் கியூ என்றால் முதலில் இதைப் பாருங்கள். வசன எடிட்டர் உறுமலைச் சுத்தம் செய்த டிராக்கை வாங்கிப் போட்டுக் கேளுங்கள். அது கிடைக்காவிட்டால் நாலு கட்டைக்கோ ஆறு கட்டைக்கோ நகருங்கள்.

கிராமத்து இரவுக் காட்சியில் சில்வண்டு 4, 5 கிலோஹெர்ட்ஸில் விடாமல் கத்தும். அதன்மேல் மணி, செலஸ்டா, வயலினின் உச்ச ஸ்தாயி எதுவும் எடுபடாது. சவுண்ட் டிசைனரோடு ஒரு மணி நேரம் உட்கார்ந்து, எந்தக் காட்சியில் அவர் மேலே, எதில் நீங்கள் மேலே என்று பிரித்துக்கொள்வது ஒரு நல்ல பிளக்இன்னைவிட அதிகம் பயன் தரும்.

கைபேசி ஸ்பீக்கரில் 150 ஹெர்ட்ஸுக்குக் கீழே ஒன்றும் வராது. ஓ.டி.டி.யில் பலர் அதில்தான் பார்க்கிறார்கள். பாஸ் டிரோனை (விடாமல் ஒலிக்கும் தாழ்ந்த சுவரம்) மட்டும் வைத்து பயம் காட்டும் கியூவுக்கு, அதே சுவரத்தை இரண்டு ஸ்தாயி மேலே மெல்லியதாக ஒரு செல்லோவிலோ அழுக்கான சிந்த்திலோ சேர்த்துவிடுங்கள்.

சாம்பிளுக்கு மேலே ஒரு ஆள்

பணம் ஒரு வாத்தியத்துக்குத்தான் இருக்கிறது என்றால் அதை முகப்பில் கேட்கும் வாத்தியத்துக்குச் செலவழியுங்கள். பத்து வயலின் கொண்ட சாம்பிள் ஸ்ட்ரிங்ஸின்மேல் ஒரே ஒரு நிஜ வயலினை இரண்டு தடவை வாசிக்க வைத்து அடுக்கினால், சாம்பிள் பின்னால் போய் ஒளிந்துகொள்ளும். சாம்பிள் வீணையில் கமகத்தை பிட்ச் பெண்டில் இழுப்பது மட்டும் வேண்டாம். நிஜ வீணையில் தந்தியை இழுக்கும்போது நாதத்தின் நிறமே மாறும். சாம்பிளில் சுவரத்தோடு அதன் மீட்டொலியும் வைப்ரேட்டோவும் சேர்ந்து வழுக்கும், பொம்மை அழுவது போலிருக்கும்.

கலைஞரை அழைக்கும்போது கட்டையைச் சொல்லுங்கள். ஒரு கட்டை என்பது கீபோர்டின் சி, இரண்டு டி, மூன்று இ, நான்கு எஃப், ஐந்து ஜி, ஆறு ஏ, நடுவே அரைகள். புல்லாங்குழல்காரர் பையில் பல கட்டைக் குழல்கள் இருக்கும், ஆனால் நீங்கள் கேட்பது இருக்குமா என்று முந்தின நாளே உறுதி செய்துகொள்ள வேண்டும். பாரி நாகஸ்வரம் இரண்டு, இரண்டரைக் கட்டையில் நிற்கும். நான்கு கட்டையில் கியூவை எழுதி முடித்துவிட்டு "கொஞ்சம் ஏத்தி வாசிங்க" என்று கேட்க முடியாது. நாகஸ்வரம் வேண்டும் என்று முடிவானால் அந்த கியூவே இரண்டில் பிறக்கட்டும்.

நாகஸ்வரத்தின் அணசுக்கு (அடியில் விரியும் புனல்) முன்னால் மைக்கை வைத்தால் காதைக் கிழிக்கும் ஒரு பாதி ஒலிதான் பதிவாகும். நாதம் விரல் துளைகளிலிருந்தும் வருகிறது. 4 முதல் 6 அடி தள்ளி, துளைகளைப் பார்த்து வையுங்கள்.

பறையில் தோலைக் காய்ச்சுவதே பாதிப் பதிவு. தணலில் வாட்டினால் தோல் இறுகி ஒலி தெறிக்கும். ஏ.சி. அறையிலும் மழை நாளிலும் சில நிமிடங்களிலேயே தளர்ந்து சுருதி இறங்கும். முதல் டேக்கையும் ஆறாவது டேக்கையும் ஒட்டினால் இரண்டு வேறு பறை போலிருக்கும். ஆகவே ஒலிப்பதிவுக் கூடத்துக்கு வெளியே தீ மூட்ட இடம் இருக்கிறதா என்று முதலில் கேளுங்கள், ஒவ்வொரு இரண்டு மூன்று டேக்குக்கும் காய்ச்ச நேரம் விடுங்கள். மைக் ஒன்று 4 அடியில் தோலைச் சற்றுச் சாய்வாகப் பார்த்து, இன்னொன்று அறையின் மூலையில். கெயினை வைக்கும்போது "சும்மா வாசிங்க" என்று கேட்டால் மெதுவாக வாசிப்பார்கள், டேக்கில் சிவப்பு எரியும். படத்தின் உச்சக் காட்சியை ஓட விட்டு அதற்கு வாசிக்கச் சொல்லி, உச்சம் மைனஸ் 12 டெசிபலில் நிற்கும்படி வையுங்கள். பிறகு, தடித்த அடிக்குச்சி இல்லாமல் மெல்லிய சிண்டுக்குச்சியில் மட்டும் ஒரு டேக் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள்; வசனத்துக்கு அடியில் அதுதான் உதவும்.

கிளிக் எல்லோருக்கும் ஒத்துவராது. ஸ்டாஃப் நொட்டேஷன் படித்து வாசிக்கும் வயலின்காரருக்குக் கிளிக் கைவந்தது. பறையிலும் உறுமியிலும் ஆட்டத்தோடு வாசித்துப் பழகிய கலைஞருக்கு அந்த டக்-டக் கைவிலங்கு. வாத்தியத்தின் ஓசையில் அது கேட்கவும் கேட்காது. அவருக்கு வேகத்தை இரண்டு பார் காட்டிவிட்டு கிளிக்கை நிறுத்துங்கள், ஆட்டமாகவே வாசிக்கட்டும். பிறகு அவர் வாசிப்பிலிருந்து டெம்போ மேப்பை எடுத்து மற்ற வாத்தியங்களை அதற்குப் பின்னால் ஓட்டுங்கள். அசலாகக் கேட்கும் பல நாட்டார் தாளங்கள் இப்படிப் பதிவானவைதான்.

வீட்டிலேயே பதிவு செய்வதென்றால் மெத்தைகளை நிறுத்தி மூன்று பக்கம் அடையுங்கள். மின்விசிறி, ஏ.சி., ஃபிரிட்ஜ் எல்லாம் அணைத்திருக்கட்டும். ஃபிரிட்ஜை மறுபடி போட மறக்காமலிருக்க வண்டிச் சாவியை அதற்குள் வைப்பது பழைய உபாயம். சென்னையில் காகம் விடியலில் தொடங்கிவிடும் என்பதால் பின்னிரவுதான் வசதி. ஒவ்வொரு டேக் முடிந்ததும் 10 விநாடி யாரும் அசையாமல் அறையின் மௌனத்தைப் பதியுங்கள், வெட்டி ஒட்டும் இடங்களை மூட அது வேண்டும்.

கையெழுத்து

ஒப்பந்தத்தை முதலிலேயே முடித்திருக்க வேண்டும். இந்தியாவில் 2012-இல் வந்த பதிப்புரிமைத் திருத்தத்தின்படி, திரையரங்கில் படத்தோடு ஓடுவது தவிர்த்த மற்றப் பயன்பாடுகளுக்கான ராயல்டி பெறும் உரிமையை இசையமைப்பாளரால் தயாரிப்பாளருக்கு எழுதிக் கொடுத்துவிட முடியாது, விட்டுக்கொடுக்கவும் முடியாது. "எல்லா உரிமையும் தயாரிப்பாளருக்கே" என்று ஒப்பந்தம் சொன்னாலும் அந்தப் பங்கு நிற்கும். அதை வசூலிக்க, ராயல்டி வசூலிக்கும் சங்கமான ஐ.பி.ஆர்.எஸ்.ஸில் சேர்ந்திருக்க வேண்டும், கியூ ஷீட் கொடுத்திருக்க வேண்டும். கியூ எண், பெயர், நீளம், யார் எழுதியது, பின்னணியா திரையில் ஒலிக்கிறதா என்ற ஐந்து கட்டங்கள் போதும்.

வாசித்த ஒவ்வொருவரிடமும் அன்றே ஒரு சம்மதக் கடிதம் வாங்குங்கள். வாங்கிய லூப்பை மெட்டாகப் பயன்படுத்தாதீர்கள். அதே லூப்பை வேறொருவர் தன் பாட்டில் பதிந்து வைத்திருந்தால் டிரெய்லர் யூடியூபில் ஏறிய அன்றே உரிமைக் கோரிக்கை வரும். பாரதியார் பாடல்களின் உரிமையை 1949-இல் அரசு வாங்கிப் பிறகு பொதுவாக்கிவிட்டது, வரிகளைத் தாராளமாக எடுக்கலாம். ஆனால் அந்த வரிக்கு யாரோ போட்ட பிரபலமான மெட்டும், யாரோ பாடிய ஒலிப்பதிவும் அப்படியல்ல. தியாகராஜர் கீர்த்தனையில் வரியும் அவர் மெட்டும் பொதுதான், யாரோ பாடிய ஒலிப்பதிவு மட்டும் அப்படியல்ல.

ஸ்டெம்

மிக்ஸுக்கு ஒரே ஸ்டீரியோ கோப்பைக் கொண்டுபோனால் இன்ஜினியருக்கு ஏற்றுவது, இறக்குவது என்ற இரண்டே வழிதான். வசனத்தோடு மோதுவது குழல் மட்டும்தான் என்றாலும் எல்லாம் இறங்கும். 6 முதல் 8 ஸ்டெம் சரியான அளவு: சின்னத் தாளம், பெரிய தாளம், பாஸ், ஸ்ட்ரிங்ஸ், பேடும் சிந்த்தும், மீட்டு வாத்தியங்கள், தனி வாத்தியம், குரல். இருபது கொடுத்தால் மிக்ஸ் நேரம் உங்கள் வேலையைச் செய்வதிலேயே போய்விடும்.

கோப்பின் பெயரிலேயே எல்லாம் இருக்கட்டும்: படத்தின் குறி, கியூ எண், ஸ்டெம், பதிப்பு எண், தொடக்க டைம்கோடு. ஒரு கியூவின் எல்லா ஸ்டெம்களும் ஒரே டைம்கோடில் தொடங்க வேண்டும். குழல் 20 விநாடி கழித்துத்தான் நுழைகிறது என்றாலும் அதன் கோப்பு முதலிலிருந்தே வெறுமையாகத் தொடங்கட்டும். "ஃபைனல்", "ஃபைனல் புதுசு" என்று பெயர் வைக்கும் பழக்கம் மிக்ஸ் அன்று பழைய கியூவைப் படத்தில் ஏற்றிவிடும்.

அடிக்கடி நடக்கும் பிழைகள் இரண்டு. மாஸ்டரில் ஒலியின் உச்சத்தை அடக்கும் கம்ப்ரஸரோ லிமிட்டரோ போட்டபடி ஸ்டெம் எடுப்பது முதலாவது. தனித்தனியாக எடுக்கும்போது அது வேறு மாதிரி வேலை செய்யும், சேர்த்தால் நீங்கள் கேட்டது வராது. அதைக் கழற்றிவிட்டு, உச்சம் மைனஸ் 6 டெசிபலுக்குள் இருக்கும்படி எடுங்கள். இரண்டாவது, எல்லா வாத்தியத்துக்கும் பொதுவாக ஒரே ரிவர்ப் (அறையின் எதிரொலி) வைத்து அதைத் தனி ஸ்டெம்மாகக் கொடுப்பது. இன்ஜினியர் குழலை மியூட் செய்வார், குழலின் வால் மட்டும் பேய் போல ஒலித்துக்கொண்டிருக்கும். ஒவ்வொரு ஸ்டெம்மும் தன் ரிவர்பைத் தானே சுமக்கட்டும். ரிவர்ப் இல்லாத தனி வாத்தியப் பிரதியும் ஒன்று சேர்த்துக் கொடுங்கள்.

சரிபார்க்க எளிய வழி உண்டு. புதிய புராஜெக்டில் எல்லா ஸ்டெம்களையும் ஏற்றுங்கள். உங்கள் முழு மிக்ஸைப் பக்கத்தில் வைத்து அதன் ஃபேஸைத் திருப்பி அலையைத் தலைகீழாக்குங்கள். பிளே அழுத்தினால் மௌனம் வர வேண்டும். எங்காவது ஏதாவது கேட்டால் அந்த இடத்தில் ஸ்டெம் தப்பு. சில சாம்பிள்கள் ஒவ்வொரு தடவையும் வேறு மாதிரி வாசிக்கும் என்பதால் முதலில் எல்லா மிடியையும் ஆடியோவாக மாற்றிவிட்டுத்தான் இந்தச் சோதனை.

மிக்ஸ் அன்று

எல்லா நாளும் போக வேண்டியதில்லை, முதல் ரீலுக்கும் கடைசி ரீலுக்கும் போனால் போதும். நடு ஸ்பீக்கர் வசனத்துக்கானது. உங்கள் தனி வாத்தியம் அங்கே வந்து நிற்கிறதா என்று மட்டும் கவனியுங்கள். இயக்குநர் "மியூசிக்கை ஏத்துங்க" என்றால் எந்த ஸ்டெம் என்று கேளுங்கள். பெரும்பாலும் அவர் கேட்பது தாளத்தையோ தனி வாத்தியத்தையோதான், பேடை அல்ல. "இங்கே மியூசிக் ஏதோ உறுத்துது" என்றால் ஒவ்வொரு ஸ்டெம்மாக மியூட் செய்து காட்டச் சொல்லுங்கள். அப்படியும் தெளியாவிட்டால் மொத்த கியூவையும் எடுத்துவிட்டு ஒரு தடவை ஓட்டிப் பாருங்கள். ஓ.டி.டி. பதிப்புக்கு அளவு வேறு. நெட்ஃபிளிக்ஸ் வசனத்தை அளந்து மைனஸ் 27 எல்.கே.எஃப்.எஸ். (காதுக்குக் கேட்கும் சத்தத்தின் சராசரி அளவு), இரண்டு கூடக் குறைய, உச்சம் மைனஸ் 2 என்று கேட்கும். தியேட்டருக்கு வைத்த இசை அங்கே வசனத்துக்குப் பக்கத்தில் பெரிதாகத் தெரியலாம். அந்த மிக்ஸை வாங்கி வீட்டுத் தொலைக்காட்சியில், மின்விசிறி ஓட, ஒரு தடவை முழுதாகப் பார்த்துவிட்டு ஒப்புதல் சொல்லுங்கள்.